ஈட்டிப் படகிலிருந்து சுற்றுலாப் படகுக்கு: கைக்கோரா சொல்லும் வரலாறு



ஆண்டிறுதிப் பள்ளி விடுமுறையில் நியூசிலாந்துக்குப் போய் வரும் குடும்பங்கள் நம்மிடையே உண்டு. நீங்களும் ஒருநாள் போகலாம். அப்படிப் போனால், கிறைஸ்ட்சர்ச் நகரிலிருந்து வடக்கே சுமார் 180 கிலோமீட்டர் தொலைவில் கைக்கோரா என்ற கடற்கரை ஊர் வரும். அங்கே திமிங்கிலம் பார்க்கப் படகுச் சுற்றுலா நடக்கிறது. டிக்கெட் வாங்கி, படகேறி, கடலுக்குள் போய், மூச்சு விட மேலே வரும் திமிங்கிலத்தைப் பார்த்து, படம் எடுத்துக்கொண்டு திரும்பலாம்.

“சரி, இதுல வரலாறு எங்கே இருக்கு? இது சுற்றுலாதானே?” என்று கேட்கிறீங்களா? நியாயமான கேள்விதான்.

இரண்டு ஆண்டுகளை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்: 1964, 1987. நீங்கள் படம் எடுக்கும் அதே கடலில், அதே இனத் திமிங்கிலத்தை 1964 வரை ஈட்டியால் கொன்றார்கள். 1987-இல் அதையே பயணிகளுக்குக் காட்ட ஆரம்பித்தார்கள். இடையில் 23 ஆண்டுகள்தான். கொலைக்களமாக இருந்த கடல் எப்படிக் காட்சிக்களமாக மாறியது? இந்தக் கேள்வியை வகுப்பில் கேட்டுப் பாருங்கள். “மனிதர்களுக்கு இரக்கம் வந்துடுச்சு, டீச்சர்” என்று பதில் வரும். அந்த விடை முழுத் தவறு இல்லை. ஆனால் வரலாற்றுத் தாளில் அதற்கு அதிக மதிப்பெண் கிடைக்காது. ஏன் என்று பார்ப்போம்.

முதலில் படகில் ஏறுவோம்

கைக்கோராவின் சிறப்பு கடலுக்கு அடியில் இருக்கிறது. கரையிலிருந்து சில கிலோமீட்டர் தூரத்திலேயே கடல் 1,000 மீட்டருக்கும் கீழே இறங்கும் ஒரு பள்ளத்தாக்கு அங்கே உண்டு. ஆழத்திலிருந்து மேலே வரும் சத்து நிறைந்த நீரால் மீனும் கணவாயும் பெருகுகின்றன. அவற்றைத் தேடி எண்ணெய்த் திமிங்கிலங்கள் ஆண்டு முழுவதும் அங்கே வருகின்றன. பெட்டி போன்ற பெரிய தலையும் அந்தத் தலைக்குள் மெழுகு போன்ற எண்ணெயும் கொண்ட இனம் இது. வளர்ந்த ஆண் 15 மீட்டருக்கு மேல் இருக்கும். நம் பள்ளிப் பேருந்தைவிட நீளம்!

இந்தத் திமிங்கிலம் ஒருமுறை முங்கினால் 40 நிமிடம், சில சமயம் ஒரு மணி நேரம்கூட வெளியே வராது. அதனால் மாலுமிகள் நீருக்கடியில் ஒலி வாங்கும் கருவியை இறக்கி, அது எழுப்பும் ‘டிக் டிக்’ ஓசையைக் கேட்கிறார்கள். ஓசை நின்றால் மேலே வரப்போகிறது என்று பொருள். மேலே வந்து சில நிமிடம் மூச்சு வாங்கும். பிறகு வாலை நிமிர்த்தி ஆழத்துக்குள் போய்விடும். அந்த வால் தெரியும் நொடிக்காகத்தான் எல்லாரும் கேமராவைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள்.

எலும்பின் மேல் நிற்கும் வீடு

கரைக்குத் திரும்பியதும் ஃபைஃப் இல்லம் என்ற பழைய மரவீட்டைப் பாருங்கள். ஊரில் எஞ்சியிருக்கும் மிகப் பழைய கட்டடம் அது. அதன் அடித்தளத்தில் திமிங்கிலத்தின் முதுகெலும்புத் துண்டுகளையே தாங்குகட்டையாக வைத்திருக்கிறார்கள். கல் கிடைக்காமல் அல்ல. எலும்பு அவ்வளவு கொட்டிக் கிடந்தது!

1840-களில் ராபர்ட் ஃபைஃப் என்பவர் இங்கே திமிங்கில வேட்டை நிலையம் ஒன்றைத் தொடங்கினார். அவருக்கு முன்பே இங்கு வாழ்ந்த மாவோரி மக்களுக்குத் திமிங்கிலம் புதிதல்ல. கரை ஒதுங்கியதன் இறைச்சியையும் எலும்பையும் பல்லையும் பயன்படுத்தினார்கள். திமிங்கிலத்தின் முதுகிலேறிக் கடல் கடந்து வந்த பாய்கேயா என்ற முன்னோரின் கதையையும் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வந்தார்கள். ஐரோப்பியரின் வேட்டை நிலையங்கள் வந்த பிறகு மாவோரி ஆண்கள் பலர் அவற்றிலும் வேலைக்குச் சேர்ந்தார்கள்.

அப்போது குறி வைக்கப்பட்டது ரைட் திமிங்கிலம். ‘ரைட்’ என்றால் ‘சரியானது’. மெதுவாக நீந்தும், கரைக்கு அருகே வரும், கொன்றாலும் மூழ்காமல் மிதக்கும். வேட்டைக்காரனுக்குச் ‘சரியான’ திமிங்கிலம் என்பதே அப்பெயருக்குச் சொல்லப்படும் விளக்கம். குளிர்காலத்தில் குட்டி ஈன விரிகுடாவுக்குள் வரும் தாயைத்தான் அதிகம் கொன்றார்கள். தாயையும் குட்டியையும் சேர்த்து அழித்தால் என்ன ஆகும்? சில பத்தாண்டுகளிலேயே அந்த இனம் அரிதாகிவிட்டது.

எதற்காக இவ்வளவு வேட்டை? படிவம் நான்கில் தொழிற்புரட்சி படித்திருப்பீங்க. அந்தக் காலத்து விளக்குகள் எரியவும் இயந்திரங்கள் தேயாமல் ஓடவும் திமிங்கில எண்ணெய் தேவைப்பட்டது. ஐரோப்பியப் பெண்களின் இடுப்புக் கச்சைக்கும் குடைக் கம்பிக்கும்கூடத் திமிங்கிலத்தின் தாடைத் தகடுகள் பயன்பட்டன.

எண்ணெய்க் கிணறு திமிங்கிலத்தைக் காப்பாற்றியதா?

1859-இல் அமெரிக்காவின் பென்சில்வேனியாவில் பெட்ரோலியக் கிணறு தோண்டினார்கள். மண்ணெண்ணெய் வந்தது. திமிங்கிலம் தப்பித்தது என்று பலர் எழுதுகிறார்கள். இந்த இடத்தில் கவனமாக இருங்க. விளக்கெண்ணெய்ச் சந்தை போனது உண்மை. ஆனால் வேட்டை நிற்கவில்லை. 1860-களில் நார்வேயைச் சேர்ந்த ஸ்வென் ஃபோய்ன் வெடிக்கும் ஈட்டியையும் நீராவி வேட்டைக் கப்பலையும் இணைத்தார். அதற்கு முன் யாராலும் துரத்திப் பிடிக்க முடியாத வேகமான இனங்களும் சிக்கின. பிறகு கடலிலேயே எண்ணெய் காய்ச்சும் தொழிற்சாலைக் கப்பல்கள் வந்தன. சவர்க்காரமும் மார்ஜரினும் செய்யத் திமிங்கில எண்ணெய் போனது. 20-ஆம் நூற்றாண்டில் மட்டும் உலகம் முழுவதும் ஏறத்தாழ 3 மில்லியன் திமிங்கிலங்கள் கொல்லப்பட்டன. புதிய தொழில்நுட்பம் ஒரு தேவையைக் குறைக்கும்; இன்னொரு தேவையை உருவாக்கவும் செய்யும்.

பொய் சொன்ன ஆவணம்

நியூசிலாந்தின் கடைசி வேட்டைக்காரர்கள், கைக்கோராவுக்கு வடக்கே டோரி நீர்வழியில் நிலையம் வைத்திருந்த பெரானோ குடும்பத்தார். அவர்கள் பிடித்தது கூன்முதுகுத் திமிங்கிலம். 1960-இல் 200-க்கும் மேல் பிடித்தார்கள். 1963-இல் பத்துகூடக் கிடைக்கவில்லை. மூன்றே ஆண்டில் இப்படிச் சரிந்தது எப்படி?

அந்தத் திமிங்கிலங்கள் கோடையில் தென்துருவக் கடலுக்கு இரை தேடிப் போகும். அங்கே சோவியத் கப்பல்கள் 1959 முதல் 1961 வரையிலான இரண்டே பருவங்களில் சுமார் 25,000 கூன்முதுகுத் திமிங்கிலங்களைக் கொன்றிருந்தன. ஆனால் அனைத்துலகத் திமிங்கில ஆணையத்துக்குக் கொடுத்த கணக்கில் அதில் சிறு பகுதியைத்தான் காட்டினார்கள். சோவியத் ஒன்றியம் கலைந்த பிறகு, 1990-களில் அந்நாட்டு அறிவியலாளர்களே உண்மைக் கணக்கை வெளியிட்டார்கள்.

மாணவர்களே, மூலாதாரக் கேள்விக்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு கிடைப்பது கடினம். அரசாங்க முத்திரை இருந்தால் ஆவணம் உண்மையாகிவிடாது. யார் எழுதினார், எதற்காக எழுதினார், மறைத்தால் யாருக்கு லாபம் என்று கேட்க வேண்டும்.

கூன்முதுகு கிடைக்காமல் போனதும் பெரானோ குடும்பத்தார் கைக்கோரா கடலின் எண்ணெய்த் திமிங்கிலத்தின் பக்கம் திரும்பினார்கள். அதுவும் கட்டுப்படியாகவில்லை. 1964 டிசம்பரில் நிலையம் மூடப்பட்டது. கவனிங்க: அதை மூடியது இரக்கம் அல்ல, நட்டம்.

சட்டம் வந்தது, சோறு?

1946-இல் கையெழுத்தான அனைத்துலக ஒப்பந்தத்தின் நோக்கம், வேட்டைத் தொழிலை ஒழுங்குபடுத்துவதாகத்தான் இருந்தது. 1960-களிலும் 70-களிலும் பொதுமக்களின் எதிர்ப்பு வலுத்தது. நியூசிலாந்து 1978-இல் கடல் பாலூட்டிகள் பாதுகாப்புச் சட்டத்தை இயற்றியது. 1982-இல் அனைத்துலக ஆணையம் வணிக வேட்டையை நிறுத்தி வைக்க வாக்களித்தது; 1986-இல் அது நடைமுறைக்கு வந்தது.

திமிங்கிலத்தைப் பார்ப்பதற்குக் காசு கொடுக்கும் வழக்கம் அதற்குள் வேறு இடத்தில் பிறந்துவிட்டது. அமெரிக்காவின் சான் டியேகோவில் 1950-இல் சாம்பல் திமிங்கிலங்களைக் குன்றிலிருந்து பார்க்க மக்களுக்கு இடம் ஒதுக்கினார்கள். 1955-இல் ஒரு மீனவர் ஆளுக்கு ஒரு டாலர் வாங்கிப் படகில் கூட்டிப்போனார்.

கைக்கோராவிலோ 1980-களில் வேறு கவலை. அரசு இரயில்வேயைச் சீரமைத்தபோது பலர் வேலை இழந்தார்கள். அதிக அடி வாங்கியவர்கள் மாவோரி மக்கள். சட்டம் திமிங்கிலத்தைக் காப்பாற்றியது. ஊரை யார் காப்பாற்றுவது?

1987-இல் நாத்தி கூரி என்ற மாவோரிக் குழுவினர், பில் சாலமன் போன்ற பெரியவர்களின் தலைமையில் ஒரு முடிவெடுத்தார்கள். நான்கு குடும்பங்கள் தங்கள் வீட்டை அடமானம் வைத்தன. எட்டுப் பயணிகள் உட்காரக்கூடிய ஒரு சிறு காற்றுப் படகோடு தொழில் தொடங்கியது. திமிங்கிலம் வராவிட்டால்? பயணி வராவிட்டால்? வீடே போயிருக்கும். அந்தச் சிறு முயற்சிதான் இன்று உலகம் அறிந்த ‘வேல் வாட்ச் கைக்கோரா’.

உடன்படிக்கையும் திமிங்கிலமும்

தொழில் வளர்ந்ததும் வேறொரு நிறுவனமும் அனுமதி கேட்டது. மாவோரித் தரப்பு எதிர்த்தது. அவர்கள் கையில் எடுத்தது 1840-இல் கையெழுத்தான வைத்தாங்கி உடன்படிக்கை. நிலம், காடு, மீன்வளம், பொக்கிஷமாகக் கருதுபவை ஆகியவற்றின் மீது மாவோரிக்கு உள்ள உரிமையை அது உறுதி செய்திருந்தது. 1840-இல் சுற்றுலாப் படகு ஏது? அதானே எதிர்வாதம்!

1995-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. திமிங்கிலம் காட்டுவது புதிய வணிகம்தான். அதில் மாவோரிக்கு முழு ஏகபோக உரிமை கிடையாது. ஆனால் இந்தக் கடலோடும் திமிங்கிலத்தோடும் அவர்களுக்கு நீண்ட தொடர்பு உண்டு. அனுமதி வழங்கும்போது அரசு அதை மதித்து, நியாயமான அளவு முன்னுரிமை தர வேண்டும். இதுவே தீர்ப்பின் சாரம். பழைய உடன்படிக்கை பழைய தாளாகவே கிடக்க வேண்டியதில்லை என்பதற்கு இது சான்று.

நம் கடலின் கதை

தூர தேசத்துக் கதை என்று நினைக்காதீங்க. 1892-இல் மலாக்கா அருகே ஒரு பெரிய திமிங்கிலம் கரை ஒதுங்கியது. அதன் எலும்புக்கூடு 1907 முதல் சிங்கப்பூரின் ராஃபிள்ஸ் அரும்பொருளகத்தில் தொங்கியது. 1974-இல் மலேசியாவுக்கு அன்பளிப்பாகத் தரப்பட்டது. உங்கள் தாத்தா பாட்டி சிறுவயதில் அதன் கீழே நின்று அண்ணாந்து பார்த்திருக்கலாம், கேட்டுப் பாருங்க. வாய்மொழி வரலாறு சேகரிக்க அருமையான வாய்ப்பு.

2015 ஜூலையில் சிங்கப்பூர் ஜூரோங் தீவு அருகே ஒரு பெண் எண்ணெய்த் திமிங்கிலம் இறந்து மிதந்தது. கைக்கோராவில் வால் நிமிர்த்துகிறதே, அதே இனம். அதன் வயிற்றில் கணவாயின் அலகுகளோடு பிளாஸ்டிக்கும் இருந்தது. அதன் எலும்புக்கூட்டை இன்று லீ கொங் சியான் இயற்கை வரலாற்று அரும்பொருளகத்தில் பார்க்கலாம்.

அப்படியானால், விடை என்ன?

வேட்டை நின்றதற்கு நட்டம் ஒரு காரணம். சட்டமும் மக்களின் எதிர்ப்பும் இன்னொரு காரணம். ஆனால் வேட்டை நின்ற இடத்தில் புதிய வாழ்வு வந்ததற்கு, வீட்டைப் பணயம் வைத்த நான்கு குடும்பங்களும் காரணம். இரக்கம் நிலைத்து நிற்க ஒரு பிழைப்பும் தேவைப்பட்டது. இப்படி எழுதினால் அது வரலாற்று விடை.

ஒன்றையும் மறக்க வேண்டாம். பார்ப்பதும் தொந்தரவாகலாம். அதனால்தான் நியூசிலாந்து விதிப்படி ஒரு திமிங்கிலத்தைச் சுற்றி 300 மீட்டருக்குள் மூன்று படகுக்கு மேல் நிற்கக்கூடாது; 50 மீட்டருக்குள் நெருங்கவும் கூடாது. விடுமுறையில் எந்த நாட்டில் படகேறினாலும், “இன்னும் கிட்டே போங்க” என்று படகோட்டியை அவசரப்படுத்தாதீர்கள். தள்ளி நின்று பார்ப்பதற்கே அந்தக் கடல் நூறு ஆண்டுக்கு மேல் காத்திருந்தது.

பயிற்சி வினாக்கள்

1. நியூசிலாந்தில் திமிங்கில வேட்டை முடிவுக்கு வந்ததற்கான காரணங்களைப் பொருளாதாரம், சட்டம், பொதுமக்கள் கருத்து எனப் பிரித்து விளக்குக.
2. அதிகாரபூர்வ ஆவணங்களை அப்படியே நம்பலாமா? சோவியத் வேட்டைக் கணக்கைச் சான்றாகக் கொண்டு எழுதுக.
3. “1840-இன் உடன்படிக்கை 1987-இன் தொழிலுக்குப் பொருந்தாது.” இக்கூற்றை ஏற்கிறீர்களா? இரு தரப்பையும் காட்டி உங்கள் முடிவைச் சொல்க.
4. உங்கள் ஊரில் ஒரு பழைய தொழில் மறைந்து, அதே இடத்தில் வேறு தொழில் வந்திருக்கிறதா? பெரியவர் ஒருவரிடம் கேட்டு, அந்த மாற்றத்தில் இழந்தவர் யார், துணிந்தவர் யார் என ஒரு பக்கத்தில் எழுதி வருக.