லட்சுமியாக நின்ற பெண்

ஏரல் கடைத்தெருவில் சாமி படங்களுக்குச் சட்டம் போடுவது என் தொழில். ஆடி அமாவாசைக்கு அருணாசல சுவாமி படம். மற்ற நாளில் தாமரை லட்சுமி. “முகம் வெளுப்பா இருக்கதாக் குடுங்கக்கா” என்பார்கள்.

அந்த வெளுப்புக்கு ஒரு வரலாறு உண்டு. ரவி வர்மா 1894-இல் மும்பையில் அச்சகம் தொடங்கினார். அவர் வரைந்த லட்சுமி வண்ண அச்சில் வீடு வீடாகப் போனாள். பிறகு சிவகாசி காலண்டர்கள் அதே சாயலைப் பெருக்கின.

நூறாண்டு கழித்து அந்தத் தாமரையில் ஏறி நின்றவர் பெங்களூர்க் கலைஞர் என். புஷ்பமாலா. சிற்பம் பயின்றவர். 2000 முதல் 2004 வரை, புகைப்படக்காரர் கிளேர் ஆர்னியுடன் சேர்ந்து தென்னிந்தியப் பெண்களின் பழைய படங்களைத் தன் உடம்பால் நடித்துக் காட்டினார். அவரே லட்சுமி, அவரே வேளாங்கண்ணி மாதா, அவரே சாட்டை பிடித்த ஜெயலலிதா. பாவம், தாமரையில் நின்று கால் வலிக்குமே என்று தோன்றும்போதே நமக்குச் சிரிப்பு வந்துவிடுகிறது. தெய்வ அழகு வெறும் வேஷமாகிவிடுகிறது.

கட்டம் போட்ட திரைக்கு முன் பழங்குடிப் பெண்ணாகவும் நின்றார். 1869-இல் லாம்ப்ரே என்பவர் மனித உடலை அளக்க இப்படித்தான் பட்டுநூலால் இரண்டு அங்குலக் கட்டங்கள் கட்டினார். தேவிக்கு ஓர் அளவுகோல், பழங்குடிக்கு ஓர் அளவுகோல். இரண்டையும் பிடித்திருந்தது ஆண் கை.

வரன் பார்க்க மகள் போட்டோவை வெளுப்பாக்கச் சொல்லி வருகிறவர்களிடம் நான் கேட்பது ஒன்றுதான்: “மாப்பிள்ளைக்கும் இதே பூச்சு பூசியிருக்காங்களான்னு கேட்டியளா?”