பரப்புரை

பரப்பு + உரை: பலரிடம் கொண்டு சேர்க்கும் பேச்சு. 'பிரச்சாரம்' என்ற வடசொல்லுக்கு ஈடாகப் புழங்குவது. ஈழத்தில் தேர்தல் மேடைப் பேச்சுக்குக்கூட இதுதான் சொல். தமிழில் இதற்குக் கெட்ட வாடை அதிகமில்லை. இதற்கு ஈடான ஆங்கிலச் சொல் 'புரோபகாண்டா'வின் கதை வேறு. 1622-இல் போப் பதினைந்தாம் கிரகோரி கத்தோலிக்க மறையைப் பரப்ப நிறுவிய பேராயத்தின் லத்தீன் பெயரில் இருந்த சொல் அது. சமயப்பணிக்கு வந்த சொல்லின் பெயரைக் கெடுத்தது முதல் உலகப் போர். அப்போது அரசுகள் கட்டிவிட்ட கதைகளைச் செய்தித்தாள்கள் அப்படியே அச்சடித்தன.

ஊடகங்கள் பிறகும் திருந்தியதாகச் சொல்ல முடியாது. 1990 அக்டோபரில், ஈராக் பிடித்திருந்த குவைத்தின் மருத்துவமனையில் ஈராக் சிப்பாய்கள் பச்சிளங் குழந்தைகளை இன்குபேட்டரிலிருந்து எடுத்துக் குளிர்ந்த தரையில் போட்டுச் சாகவிட்டதைப் பார்த்ததாக, வாஷிங்டனில் 15 வயதுச் சிறுமி ஒருத்தி கண்ணீரோடு சொன்னாள். தொலைக்காட்சிகள் அதைத் திரும்பத் திரும்பக் காட்டின. அன்றைய அமெரிக்க அதிபர் புஷ்ஷும் பலமுறை எடுத்துச் சொன்னார். அவள் அமெரிக்காவிலிருந்த குவைத் தூதரின் மகள், சாட்சியத்தை ஏற்பாடு செய்தது கூலிக்கு அமர்த்திய மக்கள் தொடர்பு நிறுவனம் என்பதெல்லாம் 1992-இல்தான் ஊரறியத் தெரிந்தது. ஈராக்குக்கு எதிரான வளைகுடாப் போரோ 1991 பிப்ரவரியிலேயே முடிந்துவிட்டது.