பேரேட்டிலிருந்து சி.ஆர்.எம். வரை

1995 வரை பெரம்பலூரும் அரியலூரும் திருச்சி மாவட்டத்தின் பகுதிகள். அந்த ஆண்டில் பெரம்பலூர் தனி மாவட்டமானது. அரியலூர் 2001-இல் பிரிந்து, 2002-இல் மீண்டும் இணைந்து, 2007-இல் நிலையாகத் தனித்தது.

இந்த இரு மாவட்டங்களின் வணிகத்தில் ஒருபுறம் சின்ன வெங்காயமும் பருத்தியும் மக்காச்சோளமும்; மறுபுறம் சுண்ணாம்புக்கல்லும் சிமென்டும். அரியலூரில் அரசு சிமென்ட் ஆலை 1979-இல் வந்தது. இந்த வணிகங்களில் வாடிக்கையாளர் உறவு என்பது பேரேடும் கணக்குப்பிள்ளையின் நினைவாற்றலும்தான். யார் எவ்வளவு வாங்கினார், எப்போது பணம் தருவார் என்பதெல்லாம் அவற்றுக்குள் அடக்கம்.

அந்த வேலையைத்தான் பின்னாளில் சி.ஆர்.எம். எனப்படும் வாடிக்கையாளர் உறவு மேலாண்மை மென்பொருள் ஏற்றது.

தமிழ்நாடு அதை விலைக்கு வாங்கியதோடு நிற்கவில்லை. உருவாக்கி உலகுக்கு விற்றது. ஸ்ரீதர் வேம்புவின் நிறுவனம் 2005-இல் ஜோஹோ சி.ஆர்.எம்.மை வெளியிட்டது. அதே ஆண்டில் தொடங்கிய அதன் பயிற்சிப் பள்ளி, பட்டம் இல்லாத பிளஸ் டூ, டிப்ளமோ மாணவர்களுக்கு உதவித்தொகை கொடுத்தே மென்பொருள் கற்பித்தது. 2010-இல் திருச்சிக்காரர் கிரீஷ் மாத்ருபூதம், ஷான் கிருஷ்ணசாமியுடன் சேர்ந்து வாடிக்கையாளர் சேவை மென்பொருள் நிறுவனமான ஃப்ரெஷ்டெஸ்க்கைத் தொடங்கினார். ஃப்ரெஷ்வொர்க்ஸ் எனப் பெயர் மாறிய அந்நிறுவனம் 2021-இல் நாஸ்டாக் பங்குச் சந்தையில் இடம்பிடித்தது.

2022-இல் அரசின் ‘நான் முதல்வன்’ திட்டம் கல்லூரிகளுக்குத் திறன் பயிற்சியைக் கொண்டுவந்தது.

மாணவர்களுக்குத் திறந்த இந்தக் கதவு, ஏற்கெனவே வேலையில் இருப்பவர்களுக்கும் திறக்க வேண்டும். சிமென்ட் முகவரின் எழுத்தருக்கும் வெங்காய மண்டிக் கணக்கருக்கும் வாடிக்கையாளரைத் தெரியும். அவர்களுக்குத் தேவை, மாலை நேரத்தில், தமிழில், சொந்த ஊரிலேயே கிடைக்கும் மென்பொருள் பயிற்சி.