கோயில் கொடியும் பள்ளிக்கூடக் கொடியும்

மலாக்காவில் மலாய்க்காரர்கள் 'பெண்டேரா' என்பதைத் தமிழர்கள் 'கொடி' என்கிறோம். பெண்டேரா போர்த்துகீசியர் விட்டுப்போன சொல். 1511-இல் இந்தத் துறைமுகத்தைப் பிடித்தவர்கள் 1641 வரை ஆண்டார்கள். தமிழும் அவர்களிடம் சொல் வாங்கியிருக்கிறது: மேசை, அலமாரி, ஜன்னல், சாவி. கொடிக்கு மட்டும் கடன் வாங்க வேண்டியிருக்கவில்லை.

அத்தனை பழைய சொல் இது. தொல்காப்பியம் 'கொடிநிலை'யைக் கந்தழி, வள்ளியோடு சேர்த்துச் சொல்கிறது. பட்டினப்பாலை, புகார் நகரில் கோயில் வாசலிலும், அறிஞர் வாதுக்கு அழைக்கும் இடத்திலும், மரக்கலத்தின் மேலும், கள் விற்கும் மனையிலும் பறந்த கொடிகளைக் காட்டுகிறது.

பந்தலில் படர்வது கொடி. தாலிக்கொடி, தொப்புள்கொடி, லயத்து வாசலில் துணி காயும் கொடி என எல்லாவற்றுக்கும் அதே சொல். படரும் கொடிபோல் அசைவதால் துணிக்கும் அந்தப் பெயர் என்பார்கள். பரோவும் எமனோவும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகராதி வேறு வழி போகிறது. அது பறக்கும் கொடியைக் கோடு, குடுமி முதலிய உச்சிச் சொற்களோடு வைக்கிறது. கன்னடத்தில் 'குடி' என்பது தளிர்நுனி, கொடி இரண்டையும் குறிக்கும். என் மனம் இந்தப் பக்கமே சாய்கிறது. கொடியை நாம் கட்டுவதைவிட 'ஏற்றுவது'தான் அதிகம்.

ஜாசின், அலோர் காஜா வட்டாரத்து ரப்பர் தோட்டங்களில், விடியற்காலைப் பெரட்டுக்கு (ஆள் கணக்கெடுப்புக்கு) ஓடிய தலைமுறைக்குக் கொடியேற்றம் என்றால் கோயில் திருவிழாதான். தெய்வத்தின் வாகனம் எழுதிய துணியைத் தர்ப்பைக் கயிற்றோடு கொடிமரத்தில் ஏற்றிவிட்டால், காப்புக் கட்டியவர் ஊர் எல்லை தாண்டமாட்டார். துணி மேலே போனதும் ஊரே ஒரு கட்டுக்குள் வந்துவிடும். பள்ளிக்கூடச் சபைகூடலுக்கு வந்தபோது இந்தச் சொல் அந்த மரியாதையையும் கூடவே கொண்டுவந்தது என்று நான் உறுதியாக நம்புகிறேன். மடித்த மலேசியக் கொடியை மாணவர்கள் ஏந்தி வருவார்கள். நீலக் கட்டம் மேலே, கம்பத்தை ஒட்டி வரும்படி கயிற்றில் மாட்டுவார்கள். தேசிய கீதமான 'நெகாராகூ' முடிவதும் கொடி உச்சியைத் தொடுவதும் ஒன்றாக நிகழவேண்டும். கயிறு இழுக்கும் பிள்ளையின் கண் அந்த உச்சியைவிட்டு அகலாது.

அந்தத் துணியில் மலாக்காவும் இருக்கிறது. 1949-இல் நடந்த போட்டியில் ஜொகூர் பொதுப்பணித் துறையைச் சேர்ந்த முகமது ஹம்சாவின் வடிவம் தேர்வானது. கொடி முதன்முதலில் 1950 மே 26-இல் ஏறியது. அப்போது பட்டைகள் 11, நட்சத்திர முனைகளும் 11. ஒன்பது மலாய் மாநிலங்களோடு, நீரிணைக் குடியேற்றங்களாகத் தனி ஆட்சியில் இருந்த பினாங்கும் மலாக்காவும் சேர்ந்த கணக்கு அது. சபா, சரவாக், சிங்கப்பூர் இணைந்த 1963-இல் இரண்டும் 14 ஆயின. 1965-இல் சிங்கப்பூர் பிரிந்தும் பட்டையைக் குறைக்கவில்லை. பதினான்காவது கூட்டரசுக்கு உரியதாயிற்று. பிறை இஸ்லாத்தையும், மஞ்சள் அரசர்களையும், நீலம் மக்களின் ஒற்றுமையையும் குறிக்கின்றன.

1997-இல் கொடிக்கு 'ஜாலூர் கெமிலாங்' என்று பெயர் சூட்டினார்கள். ஒளிவீசும் பட்டைகள் என்று பொருள். தமிழ் நாளிதழ்கள் அந்தப் பெயரை மொழிபெயர்க்காமல் அப்படியே எழுதுவது சரிதான். பெயர் பெயராகவே இருக்கட்டும். அதை ஏற்றும் நிகழ்ச்சிக்கு மட்டும் இன்றும் கொடியேற்றம் என்றுதான் தலைப்பிடுகிறார்கள்.