பாட்டில்லாப் படம் எடுத்த வீணை வித்துவான்

வன்னிப் பெருநிலப்பரப்பிலே கூத்தென்றால் முதலில் நினைவுக்கு வருவது பாட்டே. முல்லைத்தீவுப் பகுதியின் கோவலன் கூத்திலே கோவலனும் கண்ணகியும் தம் காதலையும் துயரையும் பாடியே புலப்படுத்துவர். பாட்டை நீக்கினால் அங்கே கூத்தில்லை. தமிழ்ச் சினிமாவும் பாட்டு மிகுந்த மேடை நாடகத்தின் வழிவந்ததே. ஆதலால், 1954 ஆம் ஆண்டிலே ஒரு பாட்டேனும் இல்லாத 'அந்த நாள்' வெளிவந்தமை துணிகரமான செயலாயிற்று. அதனை நெறிப்படுத்தியவர் வீணை வித்துவான் எஸ். பாலச்சந்தர் என்பது நேயர்களுக்கு வியப்பளிக்கலாம்.

1927 இல் பிறந்த பாலச்சந்தர், 1934 இல் வெளிவந்த 'சீதா கல்யாணம்' படத்திலே சிறுவனாகத் தோன்றினார். அதிலே இராமனாக நடித்தவர் அவருடைய தமையனார் எஸ். இராஜம். கஞ்சிரா முதலிய கருவிகளை இளமையிலேயே கைவரப்பெற்ற பாலச்சந்தர், வீணையைக் குருவின்றித் தாமே பயின்றார்.

ஸ்பானிய தேசத்துக் கிற்றார் வித்துவான் விசென்டே கோமஸ் ஹாலிவுட்டுக்குச் சென்றபோது, தம் கிற்றார் இசையையே திரைக்கு வழங்கினார். பாலச்சந்தரோ படத்தின் தேவை எதுவென்று முதலிற் கேட்டார். 'அந்த நாள்' ஒரு கொலையின் கதை. 1943 இல் சென்னைமீது யப்பானியர் குண்டு வீசிய காலம். வானொலிப் பொறியியலாளன் ஒருவன் சுடப்பட்டு இறக்கின்றான். கொன்றவர் யாரென ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாகக் கூறுகின்றனர். ஜப்பானிய நெறியாளர் குரோசாவாவின் 'ரஷோமோன்' காட்டிய வழி அது. ஐயம் வளரவேண்டிய இடத்திலே பாட்டு நுழைந்தால் ஐயம் கலைந்துவிடும். எனவே பாட்டை விலக்கினார். படம் முதலில் வசூலிற் சிறக்கவில்லை. ஆயினும் இந்திய அரசின் தகுதிச் சான்றிதழ் பெற்றது.

பாட்டின்மேல் அவருக்குப் பகை இருந்ததில்லை. 1964 இல் தாமே இசையமைத்து நெறிப்படுத்திய 'பொம்மை' படத்திலே கே. ஜே. ஜேசுதாஸைப் பாடவைத்தார். அதன் பின்னர் சினிமாவைப் படிப்படியாகத் துறந்து வீணையிலேயே மூழ்கினார். ஒருமுறை மீட்டிய தந்தியை இழுத்து, அந்த ஒரே மீட்டிலே பல சுரங்களைப் பேசவைப்பது அவர் வாசிப்பின் சிறப்பு. 1982 இல் பத்மபூஷண் விருது அவரை அடைந்தது.

புகழும் பொருளும் தந்த துறையை விடுவது எளிதன்று. ஆனால் வேண்டாத இடத்திலே இசையைத் தூவ மறுத்தவர், வேண்டிய இடத்திலே அதற்குத் தம் வாழ்நாளையே கொடுத்தார். இரண்டும் ஒரே மதிப்பிலிருந்து பிறந்தவை. 'அந்த நாள்' வெளியான ஏப்பிரல் 13 ஆம் திகதியிலேயே, 1990 ஆம் ஆண்டில், பிலாய் நகரிலே அவர் காலமானார். அவர் இசைத்தட்டுகளில் அந்த வீணை இன்றும் ஒலிக்கின்றது.