அணைக்குக் கீழே ஓர் ஊர்: அச்சன்புதூரும் பேரிடர் ஆயத்தமும்

2005ஆம் ஆண்டின் பேரிடர் மேலாண்மைச் சட்டத்தில் 31ஆம் பிரிவைப் பலரும் எடுத்துக்காட்டுவார்கள். மாவட்டத் திட்டத்தைப் பற்றியது அது. அடுத்துள்ள 32ஆம் பிரிவு அதிகம் பேசப்படுவதில்லை. மாவட்ட ஆணையத்தின் மேற்பார்வையில் உள்ளாட்சி அமைப்புகளும் தமக்கென ஒரு திட்டம் வகுத்து, அதை அவ்வப்போது புதுப்பிக்க வேண்டும் என்கிறது அப்பிரிவு. தென்காசி மாவட்டத்தின் அச்சன்புதூர் போன்ற பேரூராட்சிகளுக்கு இதுவே உயிர்நாடியான பிரிவு என்பது என் வாதம்.

காரணம் நிலத்தின் அமைப்பில் இருக்கிறது. அனுமன் நதிப் படுகையில், மேக்கரை அடவிநயினார் அணைக்குக் கிழக்கே சில மைல்களில் இருக்கிறது அச்சன்புதூர். 132 அடி உயர அந்த அணை நிரம்பினால் உபரிநீர் நேரே ஆற்றில் இறங்கும். மலையடிவார ஆறுகள் குறுகியவை, சரிவோ அதிகம். மலைமேல் கொட்டும் மழை ஊரில் இருப்பவர் கண்ணுக்குத் தெரியாது. 2024 மே 17 அன்று பழைய குற்றாலத்தில் திடீரெனப் பெருகிய வெள்ளம் 17 வயதுச் சிறுவன் ஒருவனை அடித்துச் சென்றது. அருவி அடியில் நின்றவர்களுக்குக் கிடைத்த அவகாசம் மிகச் சொற்பம்.

இன்னொரு ஆபத்து குளங்களில் இருக்கிறது. இப்பகுதிக் குளங்கள் ஒன்றன் மறுகால் மற்றொன்றுக்கு வரத்தாகும்படி அமைந்தவை. மேல்குளம் உடைந்தால் அந்த நீர் முழுவதும் கீழ்க்குளத்தின் கரையில் மோதும். எந்தக் கரை இளைத்திருக்கிறது, எந்த மடை அடைத்துக்கிடக்கிறது என்பது மாவட்டத் தலைநகரின் வரைபடத்தைவிட நீர்பாய்ச்சிக்கு நன்றாகத் தெரியும். ஊர்த் திட்டத்தை எழுதும்போது முதலில் உட்காரவைத்துக் கேட்க வேண்டியவர் அவரே.

பேரூராட்சியிடம் வல்லுநர்கள் இல்லை, ஆட்சியரிடமே அதிகாரமும் ஆளும் இருக்கின்றன என்பது எதிர்வாதம். அது நியாயமானதுதான். அணையின் நீர்வரத்தைக் கணிப்பதும் மீட்புப் படையை அழைப்பதும் பேரூராட்சியால் ஆகாதவை. ஆனால் 2023 டிசம்பர் 17, 18 தேதிகளை நினைவுகூர வேண்டும். காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 செ.மீ. மழை பெய்தது. சாலைகள் அறுந்தன, தொலைபேசி அடங்கியது. ஸ்ரீவைகுண்டத்தில் செந்தூர் விரைவு ரயில் பயணிகள் நூற்றுக்கணக்கில் சிக்கினர். மீட்புப் படை வந்து சேரும்வரை அவர்களுக்குச் சோறாக்கிப் போட்டவர்கள் பக்கத்துப் புதுக்குடி மக்கள். அந்த முதல் நாளில் மாவட்ட நிர்வாகத்தின் கை எவ்வளவு தூரம் எட்டும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

புதுச்சேரியின் நல்லவாடு இன்னும் தெளிவான பாடம். 2004 சுனாமி நாளில் சிங்கப்பூரிலிருந்து ஊர்க்காரர் ஒருவர் தொலைபேசியில் எச்சரித்தார். எம்.எஸ். சுவாமிநாதன் ஆய்வு நிறுவனத்தின் உதவியோடு நடந்த அறிவு மையத்தின் ஒலிபெருக்கி அதை ஊர் முழுக்க ஒலிபரப்பியது. மக்கள் கரையை விட்டு ஓடித் தப்பினர். மீனவர்களுக்கு அலை உயரத்தை நாள்தோறும் சொல்லிவந்த ஒலிபெருக்கி அது. அதனால் அதை இயக்கத் தெரிந்தவர் இருந்தார். அந்தக் குரலை ஊர் நம்பியது. ஆபத்துக்கென்றே வாங்கிப் பூட்டிவைத்த கருவிக்கு இந்த இரண்டும் வாய்ப்பதில்லை.

ஆகவே அச்சன்புதூரின் திட்டம் மாவட்டத் திட்டத்தின் நகலாக இருந்தால் பயனில்லை. அணையில் உபரிநீர் திறக்கும்போது அணைப் பணியாளர் ஊரில் யாரைக் கூப்பிடுவார், அவர் எடுக்காவிட்டால் அடுத்தது யார்? மின்சாரம் போன பின்னும் பேசக்கூடிய பள்ளிவாசல், கோயில் ஒலிபெருக்கி எது? வாய்க்கால் ஓரத் தெருக்களில் எழுந்து நடக்க முடியாதவர், நிறைமாதக் கர்ப்பிணி, தனியே வாழும் முதியவர் எந்தெந்த வீட்டில்? இவற்றுக்குப் பெயரோடு விடை எழுதியிருக்க வேண்டும். ஆனிச் சாரலுக்கு முன் ஒருமுறை, ஐப்பசி மழைக்கு முன் ஒருமுறை, வார்டு உறுப்பினர்கள் அந்தத் தாளோடு தெருவில் நடந்து அதைத் திருத்த வேண்டும். தங்கவைக்கத் தேர்ந்தெடுத்த பள்ளிக்கூடத்தின் சாவி இரவு 2 மணிக்கு யார் வீட்டில் இருக்கும் என்பதும் அந்தத் தாளில் இருக்க வேண்டும்.