ராஜியும் நீதியும்: ஒரு சட்ட வரலாறு

நம் ஊர்களில் குற்ற வழக்கொன்று எழுந்தவுடன் முதலில் காதில் விழும் சொல் 'ராஜி' என்பதாகும். அச்சொல்லின் சட்ட வரலாற்றை நம் இளைஞர்கள் அறிந்திருத்தல் இன்றியமையாதது.

நிலத்தகராறு போன்ற உரிமை வழக்கை இரு தரப்பினரும் இணங்கினால் முடித்துக்கொள்ளலாம். குற்ற வழக்கு அத்தகையதன்று. குற்றம் சமுதாயம் முழுமைக்கும் எதிரானது என்பதால் அதனை அரசே நடத்துகிறது. எனவேதான், பொருள் பெற்றுக்கொண்டு குற்றவாளியைத் தப்பவிடுவதையே 1860ஆம் ஆண்டு இந்தியத் தண்டனைச் சட்டம் குற்றமாக்கியது. ஆயினும், சட்டம் இணக்கத்திற்கு இடமளிக்கும் குற்றங்களுக்கு விலக்கு அளித்தது. அக்குற்றங்கள் எவை என்பதை 1898ஆம் ஆண்டு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 345ஆம் பிரிவும், பின்னர் 1973ஆம் ஆண்டுச் சட்டத்தின் 320ஆம் பிரிவும் பட்டியலிட்டன. சிலவற்றைத் தரப்பினர் தாமாகவே முடிக்கலாம். சிலவற்றுக்கு நீதிமன்ற அனுமதி வேண்டும். பட்டியலில் இல்லாதவற்றுக்கு இணக்கமே இல்லை. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையிலுள்ள புதிய சட்டத்தின் 359ஆம் பிரிவும் இம்முறையையே பின்பற்றுகிறது.

இனி நம்மைத் தொட்ட பகுதிக்கு வருவோம். அரசியலமைப்பின் 17ஆவது பிரிவு தீண்டாமையை ஒழித்தது. அதனைச் செயற்படுத்த வந்த 1955ஆம் ஆண்டுத் தீண்டாமைக் குற்றங்கள் சட்டமோ, நீதிமன்ற அனுமதியுடன் ராஜி செய்துகொள்ள வழி விட்டது. கிணற்றில் நீர் எடுக்கத் தடுக்கப்பட்டவர், தடுத்தவரின் நிலத்திலேயே கூலி வேலை செய்பவராயின், அவர் தரும் இணக்கம் எத்தகையதாக இருக்கும்? 1965இல் அமைக்கப்பட்டு, 1969இல் அறிக்கை அளித்த, தமிழகத்தின் எல். இளையபெருமாள் தலைமையிலான குழு தீண்டாமையின் நிலையை நாடெங்கும் ஆராய்ந்தது. அதன் பின் வந்த 1976ஆம் ஆண்டுத் திருத்தம் சட்டத்தின் பெயரைக் குடியுரிமைப் பாதுகாப்புச் சட்டம் என மாற்றியதோடு, ராஜிக்கான வழியையும் அடைத்தது. 1989ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்திலும் இணக்கத்திற்கு இடமில்லை.

ஆனால் மற்றொரு வாயில் இருந்தது. நீதியைக் காக்க உயர் நீதிமன்றத்திற்குரிய இயல்பான அதிகாரமே அது. அதனைக் கொண்டு, பட்டியலில் இல்லாத குற்ற வழக்கையும் சமரசத்தின் பேரில் தள்ளுபடி செய்யலாம் என்று, குடும்பத் தகராறு பற்றிய பி.எஸ். ஜோஷி வழக்கில் 2003இல் உச்ச நீதிமன்றம் கூறியது. 2012ஆம் ஆண்டு ஞான் சிங் வழக்கில் அதற்கு எல்லை வகுத்தது: வாணிகம், குடும்பம் போன்ற தனிப்பட்ட தகராறுகளுக்கு இது பொருந்தும்; கொலை, பாலியல் வன்கொடுமை, கொள்ளை போன்ற கொடுங்குற்றங்களுக்குப் பொருந்தாது.

வன்கொடுமைச் சட்ட வழக்கு என்னாகும்? 2021 அக்டோபரில் ராமாவதார் வழக்கில் இவ்வினா எழுந்தது. அண்டை வீட்டார் இருவரின் நிலத்தகராறில் பிறந்த வழக்கு அது. தகராறின் அடிப்படை தனிப்பட்டதாயிருந்து, சாதியின் காரணமாகக் குற்றம் நிகழாமல், சட்டத்தின் நோக்கமும் குறையாதிருந்தால் வழக்கை முடிக்கலாம் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதே வேளையில், பாதிக்கப்பட்டவரின் இணக்கம் வற்புறுத்தலால் வந்ததா என மிக விழிப்புடன் ஆராய வேண்டும் என்றும் எச்சரித்தது.

இத்தீர்ப்பின் இரு பாதிகளையும் நாம் நினைவில் கொள்ளல் வேண்டும். அண்டை வீட்டாரோடு அமைதியாக வாழ விரும்புவது பிழையன்று. அச்சத்தால் இட்ட கையொப்பம் அமைதியாகாது. ஊர்ப் பஞ்சாயத்தில் எழுதிய ராஜிப் பத்திரம் வன்கொடுமை வழக்கைத் தானாக முடித்துவிடாது. நீதிமன்றமே முடிவு செய்யும். 2016 முதல் நடைமுறையிலுள்ள 15ஏ பிரிவு, பாதிக்கப்பட்டவருக்கும் சாட்சிகளுக்கும் மிரட்டலிலிருந்து பாதுகாப்புப் பெறும் உரிமையை அளிக்கிறது. நீதிமன்ற நடவடிக்கைகளைப் பாதிக்கப்பட்டவர் உரிய காலத்தில் அறியும் உரிமையையும் தருகிறது.

இளைஞர்களே! நம்மவர் ஒருவரிடம் ராஜிப் பத்திரம் நீட்டப்படும்போது, அதனை வாசித்துப் பொருள் சொல்ல ஒருவர் அருகில் இருத்தல் வேண்டும். நாம் பெற்ற கல்வி அவ்வேளையில் அவருக்குத் துணை நிற்கட்டும்.